கடன் வாங்கின கதையில் அழுவது பற்றி

நியூயோர்க் மெற்றோபொலிற்றன் நூதனசாலையில் வெள்ளைப் பளிங்கில் செய்த ஒரு கற்பேழை இருக்கிறது. கி.பி. 3ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் செதுக்கியது. ரோமின் துறைமுக நகரமாக இருந்த ஒஸ்தியாவில் கிடைத்தது. 1947இல் நூதனசாலை அதை வாங்கியது. நான் நேரில் பார்த்ததில்லை, பார்ப்பேன் என்ற நம்பிக்கையும் இல்லை. ஆனால் 2017இல் இருந்து அந்த நூதனசாலை, காப்புரிமை இல்லாத தன்னுடைய பொருட்களின் படங்களை ஆரும் எடுத்துப் பாவிக்கலாம் என்று திறந்து விட்டிருக்கிறது. அதனால் யாழ்ப்பாணத்தில் கட்டிலில் படுத்துக் கிடந்தபடி, போனில் இரண்டு விரலால் விரித்து விரித்து, ஒரு முழு இரவு அதைப் பார்த்துக்கொண்டிருந்தேன். ஏன் பார்த்தேன் என்பதைக் கொஞ்சம் பொறுத்துச் சொல்கிறேன்.

முதலில் என்ன இருக்கிறது என்று சொல்லிவிடுகிறேன்.

பேழை எங்கட சவப்பெட்டி மாதிரி நேர்ச்சதுரம் இல்லை. இரண்டு அந்தமும் வளைந்து ஒரு தொட்டி போல இருக்கும். திராட்சை மிதிக்கிற தொட்டியின் வடிவம் அது. கிரேக்கத்தில் 'லேனோஸ்' என்பார்கள். முன்பக்கம் முழுக்க உருவங்கள், ஒரு விரல் வைக்கிற அளவுக்குக்கூட வெற்றிடம் இல்லை. நடுவில் செலீனி என்ற நிலாத் தெய்வம் தேரில் இருந்து இறங்குகிறாள். வலப்பக்கம் எண்டிமியோன் என்ற இளைஞன் சாய்ந்து படுத்து உறங்குகிறான். அவனுக்கு மேலால் சிறகு வைத்த ஒரு பெண், ஒரு கையில் கசகசாச் செடியின் காய்க்கொத்தோடு, உறக்க மருந்தை அவன்மேல் ஊற்றுகிறாள். சுற்றிவரச் சிறகு முளைத்த குழந்தைகள், மேய்ப்பர்கள், ஆடுமாடுகள்.

கதை சின்னது. லத்மோஸ் மலையில் மாடாடு மேய்த்த எண்டிமியோன் பேரழகன். நிலவுக்கு அவன்மேல் காதல். அவனுக்கு என்றும் மாறாத இளமையும் முடியாத உறக்கமும் கிடைக்கிறது. சாவில்லை, விழிப்பும் இல்லை. ஒவ்வொரு இரவும் நிலவு இறங்கி வந்து அவனைப் பார்த்துவிட்டுப் போகிறது. அவ்வளவுதான்.

இனி மூடிக்கு வாங்கோ. மூடியில் சின்னச் சின்னச் சதுரங்களாகச் சிற்பங்கள். அதில் ஒன்றில் ஒரு பெண்ணின் முகம். தேவதையின் முகம் இல்லை. ஐம்பது வயது மதிக்கத்தக்க, எங்கேயோ சந்தையில் பார்த்த மாதிரியான ஒரு அம்மாவின் முகம். அதற்குக் கீழே, தொட்டியின் மேல்விளிம்பில் லத்தீனில் ஒரு பொறிப்பு. அனினியா ஹிலாரா என்ற மகள், தன் ஒப்பற்ற தாய் அரியாவுக்காக இதைச் செய்வித்தாள் என்கிறது. அரியா வாழ்ந்தது 50 வருடம், 10 மாதம்.

அந்தப் 'பத்து மாதம்' என்ற இடத்தில்தான் நான் நின்றுபோனேன்.

*

இனி ஏன் பார்த்தேன் என்று.

போன வருசம் எங்கட அம்மம்மா மோசம் போனவ. முப்பத்தோராம் நாளுக்குக் கல்வெட்டு அடிக்க வேணும். (எங்கட ஊர்ப்பக்கம் செத்தவர் நினைவாக அடிக்கிற புத்தகத்துக்குக் 'கல்வெட்டு' என்றுதான் பேர். கல்லும் இல்லை, வெட்டும் இல்லை, ஆனால் பேர் மட்டும் மாறாமல் நிற்கிறது.) "நீ எழுதுறனீ தானே, நீயே எழுது" என்று பெரியம்மா சொன்னவ. நான் அச்சகத்தில் இருந்த பழைய கல்வெட்டுகளை எடுத்துப் பார்த்தேன். வாழ்க்கை வரலாறு, திதி வெண்பா, மக்கள் புலம்பல், மருமக்கள் புலம்பல், பேரப்பிள்ளைகள் புலம்பல். எல்லாம் ஒரே அச்சு. கணினியில் கோப்பு இருக்கிறது, பேரையும் திதியையும் மாற்றினால் ஆர் செத்தாலும் பொருந்தும். "ஒப்பற்ற தாயே", "குலவிளக்கே". எனக்கு எரிச்சல் வந்தது. "இது அம்மம்மா இல்லை, இது ஒரு படிவம்" என்று சொல்லிவிட்டு, நான் எழுதமாட்டன் எண்டு நிண்டுட்டன். புதிதாக, உண்மையாக எழுதவும் இல்லை. அதுதான் இதில் அசிங்கம். எதையும் எழுதவில்லை. கடைசியில் அச்சகத்துப் படிவமே அடிபட்டு வந்தது. அன்றைக்குப் பெரியம்மா அந்த 'மக்கள் புலம்பலை' வாசித்துவிட்டு, கதிரையில் இருந்தபடி நெடுநேரம் அழுதவ. படிவத்தை வாசித்து ஒரு மனிசி அப்படி அழலாமா என்று எனக்குள் ஒரு கேள்வி. அது போகவே இல்லை.

அரியாவின் பேழையும் ஒரு படிவம்தான். அதைத்தான் இந்தக் கட்டுரையில் சொல்ல வருகிறேன். படிவமாக இருப்பது அதன் குறை இல்லை என்பது என் கட்சி.

*

எண்டிமியோன் கதையை அரியாவின் மகள் கண்டுபிடிக்கவில்லை. அதே கதை செதுக்கிய ரோமப் பேழைகள், உடைந்த துண்டுகளையும் சேர்த்தால், நூறளவில் இன்றைக்கும் இருக்கின்றன. மெற்றோபொலிற்றனிலேயே 2ஆம் நூற்றாண்டைச் சேர்ந்த இன்னொன்று இருக்கிறது. எல்லாவற்றிலும் நிலவு தேரில் இருந்து இறங்குகிறது, பையன் உறங்குகிறான். பொறிப்பில் இருக்கிற 'ஒப்பற்ற' என்ற சொல்லும் அப்படித்தான். ரோமக் கல்லறைகளில் மனைவிக்கும் தாய்க்கும் பிள்ளைக்கும் திரும்பத் திரும்பப் போட்ட அடைமொழி அது. ஒப்பற்ற தாய்மார் ஆயிரம் பேர்.

இது எப்படி வந்தது என்றால், கி.பி. 2ஆம் நூற்றாண்டின் தொடக்கம் வரை ரோம் நகரத்தில் பெரும்பாலும் உடலை எரித்துச் சாம்பலைக் கலசத்தில் வைத்தார்கள். பிறகு மெல்ல மெல்லப் புதைக்கிற வழக்கம் கூடியது. வசதியானவர்கள் உடலைப் பளிங்குப் பேழையில் வைக்கத் தொடங்கினார்கள். அதோடு ஒரு பெரிய தொழிலே உருவானது. ரோம், ஏதென்ஸ், சின்ன ஆசியாவில் தொக்கிமெயோன் என்று மூன்று பெரிய மையங்கள். பளிங்கு மர்மராக் கடலில் உள்ள புரொக்கொன்னெசோஸ் தீவில் இருந்தும் மற்ற இடங்களில் இருந்தும் கப்பலில் வந்தது. ரோமில் செய்தவற்றில் பெரும்பாலும் முன்பக்கமும் இரண்டு ஓரங்களும் மட்டும்தான் நன்றாகச் செதுக்கப்பட்டிருக்கும். சுவரோடு ஒட்டி வைக்கிறதுக்குப் பின்பக்கம் எதற்கு? ஏதென்ஸில் நாலு பக்கமும் செதுக்கினார்கள்.

சில பேழைகளில் உடல், ஆடை, குதிரை எல்லாம் பளபளவென்று முடித்திருக்கும், முகம் மட்டும் செதுக்காத கல்லாக நிற்கும். பிரான்ஸில் போர்தோவுக்குப் பக்கத்தில் 1805இல் கிடைத்து, இப்போது லூவரில் இருக்கிற ஒரு பேழையில் உறங்குகிற அரியாட்னியின் முகம் அப்படித்தான் இருக்கிறது. ரோமில் உள்ள புகழ்பெற்ற போர்த்தொனாச்சோ பேழையில் நடுவில் குதிரையில் வருகிற தளபதிக்கே முகமில்லை. செத்தவரின் முகத்தைப் பிறகு செதுக்கலாம் என்று விட்டது, செதுக்காமலே போனது. பேரை நிரப்பாமல் விட்ட படிவம் மாதிரி.

ஆக, அச்சகத்துக் கணினிக் கோப்பும் ரோமப் பட்டறையும் வேலை செய்கிற முறை ஒன்றுதான். ஒரு கதை தயாராக இருக்கிறது. நீங்கள் வந்து உங்கள் ஆளின் பேரையும் முகத்தையும் அதில் வைக்கிறீர்கள்.

*

இந்தச் சிற்பங்களைப் பற்றி அறிஞர்கள் நீண்டகாலம் சண்டை பிடித்திருக்கிறார்கள். 1942இல் ஃபிரான்ஸ் குமோன் என்ற பெல்ஜிய அறிஞர் ஒரு பெரிய நூல் எழுதினார். ரோமரின் சாவுச் சிற்பங்கள் எல்லாம் ஆன்மா பற்றிய, மறுமை பற்றிய நம்பிக்கையின் குறியீடுகள் என்பது அவரது வாதம். அப்படிப் பார்த்தால் நிலவு என்பது ஆன்மா போய்ச் சேருகிற இடம். 1946இல் ஆர்தர் டார்பி நொக் அதை மறுத்து எழுதினார். ஒவ்வொரு சிற்பத்துக்கும் பின்னால் ஒரு ஆழ்ந்த சமயக் கொள்கையைத் தேடாதேயுங்கோ, படித்தவர்களின் வழக்கமும் அலங்காரமும் இதில் கனக்க இருக்கு என்பதுதான் அவர் சொன்னதன் சாரம். பிறகு 2004இல் பவுல் ட்சாங்கரும் பியோர்ன் ஏவால்டும் சேர்ந்து எழுதிய நூல் கேள்வியையே திருப்பிப் போட்டது. செத்தவர் எங்கே போனார் என்பதை விட்டுவிட்டு, கல்லறைக்கு வந்து இதைப் பார்த்த உயிரோடிருக்கிறவர்களுக்கு இந்தக் கதைகள் என்ன செய்தன என்று அவர்கள் கேட்டார்கள்.

நான் மூன்றாவது பக்கம் நிற்கிறேன். அதற்கு அரியாவின் பேழையே சாட்சி.

யோசித்துப் பாருங்கோ. ஒரு மகள் தன் தாயின் பேழைக்கு ஏன் ஒரு காதல் கதையைத் தெரிய வேணும்? நேருக்கு நேர் பொருத்திப் பார்த்தால் ஒன்றும் பொருந்தாது. உறங்குகிறவன் ஆண், செத்தது பெண். உறங்குகிறவன் இளைஞன், செத்தவவுக்கு ஐம்பது கடந்துவிட்டது. வருகிறவள் காதலி, அழுகிறவள் மகள். குறியீட்டு அகராதியை வைத்துக்கொண்டு 'இவர் அவர், அவர் இவர்' என்று சமன்பாடு போட்டால் கணக்கு உதைக்கும்.

ஆனால் கதை முழுவதையும் எடுக்க வேண்டியதில்லை. ஒரு துண்டு போதும். ஒருவர் எழும்பாத உறக்கத்தில் கிடக்கிறார், இன்னொருவர் திரும்பத் திரும்ப வந்து பார்க்கிறார். மகளுக்கு வேண்டியது இந்தத் துண்டுதான். மிச்சம் எல்லாம் கதையோடு சேர்ந்து வந்தவை.

ரோமரின் வழக்கத்தைத் தெரிந்தால் இது இன்னும் விளங்கும். அவர்கள் கல்லறையை மூடிவிட்டுப் போய்விடவில்லை. ஒவ்வொரு வருடமும் பெப்ரவரி 13இல் இருந்து 21 வரை 'பரென்தாலியா' என்ற நாட்களில் குடும்பத்தவர்கள் கல்லறைகளுக்குப் போனார்கள். பூவும் உப்பும் வைனில் நனைத்த பாணும் வைத்தார்கள். அங்கேயே இருந்து சாப்பிட்டார்கள். ஒஸ்தியாவுக்குப் பக்கத்தில் 'இசொலா சக்ரா' என்ற இடத்தில் ஒரு பெரிய இடுகாடு அகழ்ந்தெடுக்கப்பட்டிருக்கிறது. அங்கே கல்லறை வீடுகளின் வாசலில், சாய்ந்திருந்து சாப்பிடுவதற்கான கட்டுத் திண்ணைகள் இன்றைக்கும் நிற்கின்றன. சாவீடு முடிந்தாலும் வரவு முடியவில்லை.

அப்படி வந்து நிற்கிற ஹிலாராவை நினைத்துப் பாருங்கோ. கல்லறைக்குள் இருட்டு, கையில் ஒரு விளக்கு. வெளிச்சம் பளிங்கில் விழுகிறது. அங்கே உறங்குகிற ஒருவரைப் பார்க்க இரவில் ஒரு பெண் வந்து இறங்குகிறாள். ஹிலாரா அந்த நேரம் செய்கிற வேலையும் அதுதானே. செலீனி ஆர் என்று கேட்டால், அன்றைக்கு விளக்கோடு வந்தவள் எவளோ அவள். கதையின் நடுவில் நிற்பது செத்தவர் இல்லை, வந்தவர்.

*

'எல்லாக் கதையும் இப்படி இதமாகவா இருக்கு?' என்று நீங்கள் கேட்கலாம். நியாயமான கேள்வி. பேர்லினில் ஒரு பேழை இருக்கிறது, 2ஆம் நூற்றாண்டைச் சேர்ந்தது. அதில் மெடேயாவின் கதை. கணவன் தன்னை விட்டுவிட்டு இன்னொருத்தியை மணக்கப் போகிறான் என்றதும், நஞ்சு தோய்த்த ஆடையை அனுப்பி மணப்பெண்ணை எரிய வைத்து, தன் பிள்ளைகளையும் கொன்றுவிட்டுப் பாம்புகள் இழுக்கிற தேரில் பறந்துபோகிறவள் மெடேயா. இதை ஆர் தன்ர பேழையில் போடுவினம்?

பல பேர் போட்டார்கள். மெடேயா பேழைகள் ஒன்றிரண்டு இல்லை. சிற்பி எதற்கு இடம் கொடுத்திருக்கிறான் என்று பாருங்கோ. தலைமுடியும் உடலும் பற்றி எரிய, கைகளை வீசி விழுகிற அந்த இளம் மணப்பெண்ணுக்கு நடுவில் இடம். பக்கத்தில் செய்வதறியாமல் தலையில் கைவைக்கிற அவளின் தகப்பன். ஒன்றும் அறியாமல் விளையாடுகிற பிள்ளைகள். கலியாணத்துக்கு நாள் வைத்த மகளைப் பறிகொடுத்த ஒரு தகப்பன் இந்தப் பேழைக்கு முன்னால் வந்து நின்றால், அவன் மெடேயாவைப் பார்க்கமாட்டான். தன்னைப்போல நிற்கிற அந்தத் தகப்பனைத்தான் பார்ப்பான். கொலைகாரி கதையோடு வருகிறாள், அவளைத் தவிர்க்க முடியாது. ஆனால் அழுகிறவன் எடுத்துக்கொள்வது தனக்குரிய துண்டை மட்டும்.

ஒஸ்தியாவில் இருந்தே வத்திக்கானுக்குப் போன இன்னொரு பேழையும் இருக்கிறது. கயுஸ் யூனியுஸ் எவோதுஸ் என்பவர் தனக்கும் தன் மனைவி மெத்திலியா அக்தேக்குமாகச் செய்வித்தது. அவர் ஒஸ்தியாவில் கட்டடத் தச்சர் சங்கத்தின் தலைவராக இருந்தவர். மனைவி அங்கே பெருந்தாய்த் தெய்வத்தின் பூசாரினி. அவர்கள் தெரிந்த கதை அல்செஸ்திஸ், கணவனுக்குப் பதிலாகத் தான் சாக ஒப்புக்கொண்டு, பிறகு ஹெர்குலிஸால் மீட்டுவரப்பட்ட பெண். அந்த அல்செஸ்திஸின் உடல் கதையில் வருகிற உடல், முகம் மெத்திலியாவின் முகம். கணவன் அத்மேதுஸுக்கு எவோதுஸின் முகம். நடுவயதுத் தச்சர் தலைவர் ஒருவர் வீரயுகத்து அரசனாக நிற்கிறார். சிரிப்பு வரலாம். எனக்கும் முதல் வந்தது. பிறகு அவர் கேட்டது என்ன என்று யோசித்தேன். 'அந்தக் கதையில் அவள் திரும்பி வந்தாளே, எனக்கும் ஒருக்கா அப்படி' என்பதுதானே.

*

சரி, இவ்வளவும் காசிருந்தவர்களின் அழுகை என்று நீங்கள் சொல்வீர்கள். உண்மைதான். அதை மறைத்துவிட்டு இந்தக் கட்டுரையை முடித்தால் நான் பொய்யன். பளிங்கைச் சுரங்கத்தில் வெட்டினவர்களின் பேர் அரியாவின் பேழையில் இல்லை. துளைகருவியைக் கயிற்றால் சுழற்றிச் சுழற்றி, தலைமயிரின் சுருள்களையும் ஆடை மடிப்புகளையும் குடைந்தெடுத்த சிற்பியின் பேரும் இல்லை. ஹிலாரா தன் பேரைத்தான் முதலில் வெட்டுவித்திருக்கிறாள். செய்வித்தவளுக்குப் பேர் உண்டு, செய்தவனுக்கு இல்லை. ஒரு பேழை என்பது அன்பு மட்டும் இல்லை, குடும்பத்தின் தகுதியைக் காட்டுகிற ஒரு விளம்பரமும்தான்.

அதே இசொலா சக்ராவில் கல்லறை வீடுகளுக்கு இடையில் வெறும் மண்ணில் ஏழைகளின் புதைகுழிகள் இருக்கின்றன. சில இடங்களில் எண்ணெயும் வைனும் ஏற்றிவந்த பழைய மண்சாடிகளை நட்டு அடையாளம் வைத்திருக்கிறார்கள். சாடியின் கழுத்து மண்ணுக்கு மேலே நீட்டிக்கொண்டிருக்கும். வருகிறவர்கள் அந்த வாய்க்குள் ஊற்றுவார்கள், கீழே கிடக்கிறவருக்குப் போய்ச் சேரட்டும் என்று. படமில்லை, நிலவில்லை, பேர்கூட இல்லை. ஆனால் வரவு இருந்தது. செலீனி செய்வதை அந்த ஏழைச் சனமும் செய்தது, பளிங்கு இல்லாமல். இதை அறிந்த பிறகு, பேழையில் இருக்கிற கதை எனக்கு இன்னும் எளிமையாகத் தெரிகிறது. பணக்காரர்கள் கல்லில் வெட்டுவித்தது எல்லாரும் செய்த ஒன்றைத்தான்.

*

நூதனசாலை மேலும் எனக்கு ஒரு முறைப்பாடு இருக்கிறது. அவர்கள் பொருளுக்கு வைத்திருக்கிற தலைப்பு 'செலீனி, எண்டிமியோன் தொன்மம் உள்ள பளிங்குப் பேழை' என்று போகிறது. அரியாவின் பேர் விளக்கக் குறிப்பில் இருக்கிறது, தலைப்பில் இல்லை. நூறு பேழைகளுக்குப் பொதுவான கதை தலைப்பில் நிற்கிறது. இந்த ஒன்றுக்கு மட்டும் உரிய பேர் உள்ளே போய்விட்டது. கலை வரலாற்றுக்கு இந்த ஒழுங்கு வசதிதான், ஒப்பிட்டுப் பார்க்கலாம், வகைப்படுத்தலாம். ஆனாலும் அது ஒரு மனிசியின் பிரேதம் கிடந்த இடம். 'அரியாவின் பேழை, மகள் ஹிலாரா செய்வித்தது' என்று தொடங்கி, அதன்பிறகு நிலவின் கதையைச் சொன்னால் என்ன குறைந்துவிடும்? வருகிறவர் முதலில் ஒரு சாவீட்டுக்குள் வருவார், பிறகு சிற்பத்தைப் பார்ப்பார். அந்த ஒழுங்குதான் சரி என்று நினைக்கிறேன்.

இன்னொன்றும் சொல்ல வேணும். 'அச்சுப்படிவம் ஆகிவிட்டால் அது செத்துவிட்டது' என்று நாங்கள் சுலபமாகச் சொல்லிவிடுகிறோம். எண்டிமியோனைப் பாருங்கோ, அவன் சாகவில்லை. ரோமில் சாந்தா மரியா அந்திக்வா கோயிலில் 3ஆம் நூற்றாண்டின் பிற்பகுதியைச் சேர்ந்த ஒரு பேழை இருக்கிறது. ஆரம்பகாலக் கிறிஸ்தவப் பேழைகளில் ஒன்று. அதில் கடல்மிருகம் கக்கிவிட்ட யோனா தீர்க்கதரிசி ஒரு கொடிப்பந்தலின் கீழே, ஒரு கையைத் தலைக்கு மேலே வளைத்துப்போட்டு, உடுப்பில்லாமல் சாய்ந்து கிடக்கிறார். அச்சொட்டாக எண்டிமியோன். சமயம் மாறிவிட்டது, தெய்வம் மாறிவிட்டது, உறங்குகிற உடல் மாறவில்லை. இடுகாட்டைக் குறிக்கக் கிறிஸ்தவர்கள் பாவித்த கிரேக்கச் சொல்லின் பொருளும் 'உறங்குமிடம்' தான். ஆங்கிலத்தின் 'செமற்றறி' அதிலிருந்துதான் வந்தது.

இதையெல்லாம் பார்த்த பிறகு எனக்குத் தோன்றுவது இதுதான். சாவு வந்த வீட்டில் புதிதாகச் சொல் தேட ஆருக்கும் தெம்பில்லை. அந்த நேரத்தில் தயாராக ஒரு சொல் வேணும், தயாராக ஒரு கதை வேணும். ஏற்கெனவே ஆயிரம் பேர் அதில் அழுதிருக்கிறார்கள் என்பதுதான் அதன் பலம், நானும் அந்த வரிசையில் நிற்கிறேன் என்ற ஒரு ஆறுதல். எழுதத் தெரிந்தவர்களாகிய நாங்கள் அதைத் 'தேய்வழக்கு' என்று தள்ளுகிறோம். கவிதையில் தள்ளலாம். செத்தவீட்டில் தள்ள எங்களுக்கு என்ன உரிமை இருக்கு? பெரியம்மா அன்றைக்கு அழுதது அந்த வெண்பாவுக்காக இல்லை. 'மக்கள் புலம்பல்' என்று ஒரு தலைப்புப் போட்டு, அழுவதற்கு அவவுக்கு ஒரு இடம் ஒதுக்கிக் குடுத்திருந்தது. அவ அதில் போய் இருந்தவ.

ஆனால் படிவத்தை அப்படியே விட்டுவிடுவதும் சரியில்லை, லூவரில் இருக்கிற அந்த முகமில்லாத அரியாட்னி மாதிரிப் போய்விடும். ஹிலாரா கதையைக் கடன் வாங்கினாள், 'ஒப்பற்ற' என்ற சொல்லையும் கடன் வாங்கினாள். ஆனால் தாயின் முகத்தையும் அந்தப் பத்து மாதத்தையும் ஆரிடமும் கடன் வாங்க முடியாது. அது அவள் தானே கொண்டுவந்து வைத்தது. அந்த வேலையைத்தான் நான் செய்யாமல் விட்டேன். படிவத்தைக் குறை சொல்லிக்கொண்டு, முகத்தை வைக்காமல் வந்துவிட்டேன்.

வாற மாதம் அம்மம்மாவின் ஆட்டைத் திவசம். ஒரு சின்ன நினைவுப் பத்திரம் அடிக்கலாம் எண்டு அம்மா சொன்னவ. நான் எழுதிக் குடுக்கிறன் எண்டனான். "போனமுறை மாதிரிக் கடைசி நேரத்தில கையை விரிச்சிடாதை" எண்டு பெரியம்மா ஒருக்காச் சொன்னவ, அவ்வளவுதான். அச்சகத்தில் இருந்து அந்தப் பழைய படிவத்தைத்தான் வாங்கி வந்தேன். 'ஒப்பற்ற தாயே' எண்டு தொடங்குது. அதை மாத்தேல்லை. அதுக்குக் கீழ, விடியக்காலமை நாலு மணிக்கு எழும்பி எங்கள் எல்லாருக்கும் தேத்தண்ணி வைத்தவ எண்டு ஒரு வரி சேர்த்தேன். பிறகு அம்மாவிட்டக் கேட்டு, அடையாள அட்டையை எடுத்துப் பார்த்து, கணக்குப் போட்டு வயதை எழுதினேன். 78 வருடம், 4 மாதம்.